கேற்றில் திருப்பி அனுப்பினால் அது நீதிமன்ற அவமதிப்பா?

வேலைநீக்க வழக்கில் வென்றவரின் மகிழ்ச்சி பல வேளைகளில் கேற் வரைக்கும்தான். காவலாளி பெயரைக் கேட்டு உள்ளே கோல் எடுக்கிறார். பிறகு, "அண்ணை, உங்களை உள்ள விடச் சொல்லி எங்களுக்கு ஓடர் வரேல்லை" என்கிறார். அன்று பின்னேரமே ஊரில் யாராவது சொல்லிவிடுவார்கள்: "இது கோட்ஸ் அவமதிப்பு. கேஸ் போட்டால் முதலாளி உள்ளுக்குத்தான்." திருகோணமலையில் சீனக்குடாப் பக்கத்து ஆலைத் தொழிலாளி, நிலாவெளி ஹோட்டல் ஊழியர், துறைமுகத்தில் ஒப்பந்தக்காரரிடம் வேலை பார்ப்பவர், உவர்மலையில் மாகாண அலுவலகம் ஒன்றில் இருப்பவர் என எல்லோருக்கும் கிடைக்கும் ஆலோசனை இதுதான். முதல் மூவருக்கும் இது பெரும்பாலும் பிழையான வழி. நான்காமவருக்குப் பொருந்தக்கூடும், ஆனால் அவர் கையில் உள்ள உத்தரவில் என்ன எழுதியிருக்கிறது என்று பார்த்த பிறகே அதைச் சொல்ல முடியும்.

முதலில் கேட்க வேண்டியது, உத்தரவு யாருடையது என்பது. இதைக் கேட்காமல் சட்டத்தரணியிடம் ஓடுவோர் அதிகம். தொழில் திணைக்களத்தில் நடந்த விசாரணையில் அலுவலர் "எடுக்கச் சொன்னார்" என்றால் அது உத்தரவே அல்ல, சமரச முயற்சி. மனித உரிமைகள் ஆணைக்குழு தந்தது பரிந்துரை. அதை நிறைவேற்றாத நிறுவனத்தின் மீது நெருக்குதல் கொடுக்கலாம், ஆனால் நீதிமன்றக் கட்டளையை மீறியதாக அதைக் காட்ட முடியாது. தொழில் ஆணையாளர் நாயகம் 1971ஆம் ஆண்டின் 45ஆம் இலக்க வேலைமுடிவுறுத்தல் சட்டத்தின் கீழ் தந்த கட்டளை சட்ட வலு உடையது. தொழில் நியாயசபை, அதாவது நாம் 'லேபர் ரைபியூனல்' என்று சொல்வது, தந்த உத்தரவும் அப்படியே. ஆனால் இந்த இரண்டையும் மீறினால் போக வேண்டிய வழியைச் சட்டமே தனியாக வகுத்திருக்கிறது, அது நீதவான் நீதிமன்றத்தில் முடிகிறது. மாகாண மேல் நீதிமன்றம், மேன்முறையீட்டு நீதிமன்றம், உயர் நீதிமன்றம் ஆகியவை தாமே தந்த கட்டளையை ஒருவர் தெரிந்தே மீறும்போதுதான் அவமதிப்பு என்ற பேச்சுக்கு உண்மையான இடம் வருகிறது.

இப்படிப் பிரிந்திருப்பதற்குக் காரணம் உண்டு. அரசியலமைப்பின் 105ஆம் உறுப்புரை உயர் நீதிமன்றத்துக்கும் மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கும் அவமதிப்புக்குத் தண்டிக்கும் முழு அதிகாரத்தைத் தருகிறது. கீழுள்ள நீதிமன்றங்களுக்கும் நியாயசபைகளுக்கும் எதிரான அவமதிப்பைத் தண்டிக்கும் அதிகாரமும் மேன்முறையீட்டு நீதிமன்றத்திடம் இருக்கிறது. நியாயசபைத் தலைவர் தானாக யாரையும் சிறைக்கு அனுப்ப முடியாது. 1950ஆம் ஆண்டின் 43ஆம் இலக்கக் கைத்தொழில் பிணக்குகள் சட்டத்தில் 40அ என்ற பிரிவு அவமதிப்பைப் பற்றிப் பேசுவது உண்மைதான். நியாயசபையின் மதிப்பையும் விசாரணை நடைமுறையையும் காப்பதற்காக வந்த பிரிவு அது. அதைக் காட்டி நட்டஈட்டுப் பணத்தைக் கறக்க முடியாது. உத்தரவை நிறைவேற்றாத முதலாளியைப் பிடிப்பது அதற்கு முந்திய 40ஆம் பிரிவுதான்: நியாயசபை உத்தரவுக்கு இணங்காதிருப்பது தனிக் குற்றம் என்று அது சொல்கிறது.

நீதிமன்றம், நியாயசபை அல்லது நிறுவனம் ஒன்றை அவமதித்தல் பற்றி 2024ஆம் ஆண்டின் 8ஆம் இலக்கச் சட்டம் வந்த பிறகு குழப்பம் கொஞ்சம் கூடியிருக்கிறது. தலைப்பிலேயே 'நியாயசபை' என்று இருப்பதால், இனி எல்லாவற்றையும் அவமதிப்பாக்கலாம் என்று சிலர் எண்ணுகிறார்கள். கட்டளையை வேண்டுமென்றே மீறுவதும் நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே முறிப்பதும் அவமதிப்பு என்பது அந்தச் சட்டத்தில் எழுத்தில் வந்திருக்கிறது. ஆனால் நியாயசபை உத்தரவை நிறைவேற்றுவிக்க நீதவான் நீதிமன்ற வழி திறந்திருக்கையில், அதைத் தொடாமல் நேரே கொழும்பிலுள்ள மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குப் போனால் அங்கே எழும் முதற் கேள்வி "அந்த வழியில் ஏன் போகவில்லை" என்பதாகவே இருக்கும். பதில் இல்லாவிட்டால் பயணச் செலவும் சட்டத்தரணிக் கட்டணமும் வீண்.

நியாயசபை உத்தரவு கையில் வந்ததும்

உத்தரவு வாசிக்கப்பட்ட நாளிலேயே உறுதிப்படுத்தப்பட்ட பிரதிக்கு விண்ணப்பியுங்கள். ஒன்றல்ல, குறைந்தது மூன்று: ஒன்று கையில், ஒன்று தொழில் திணைக்களத்துக்கு, ஒன்று நீதவான் நீதிமன்றத்துக்கு. போட்டோக்கொப்பியைக் காட்டி எந்த நீதிமன்றத்திலும் தொடங்க முடியாது.

முதலாளிக்கு மேன்முறையீடு செய்ய 30 நாட்கள் உண்டு. திருகோணமலையில் அது இங்குள்ள மாகாண மேல் நீதிமன்றத்துக்குப் போகும், சட்டப் பிரச்சினை ஒன்றின் மீது மட்டும். முதலாளி சும்மா மனுப் போட்டுவிட்டு இருக்க முடியாது, காசு கட்ட வேண்டும். நட்டஈடு மட்டும் கொடுக்கச் சொன்ன உத்தரவென்றால் அந்த முழுத்தொகை, மீள வேலைக்கு எடுக்கச் சொன்ன உத்தரவென்றால் 12 மாதச் சம்பளத்துக்குச் சமமான தொகை. மாதம் 45,000 ரூபாய் வாங்கிய ஒருவரை மீள எடுக்கச் சொன்னால் 540,000 ரூபாய் வைப்பு. 36 மாதச் சம்பளம் நட்டஈடு என்றால் 1,620,000 ரூபாய். இந்த வைப்பை ஒழுங்காகச் செய்யாத மேன்முறையீடு நிற்காது. ஆகவே 31ஆம் நாள் நியாயசபைப் பதிவாளரிடம் போய் இரண்டு விடயங்களைக் கேளுங்கள்: மேன்முறையீடு தாக்கலாகியிருக்கிறதா, வைப்புச் சான்றிதழ் இணைக்கப்பட்டிருக்கிறதா. "அவங்கள் அப்பீல் போட்டிட்டாங்களாம்" என்ற கதையைக் கேட்டு இரண்டு வருடம் சும்மா இருந்து, கடைசியில் அப்பீலே இல்லை என்று கண்டவர்கள் இருக்கிறார்கள். "அப்பீல் போடப் போறம்" என்ற வாய்ப்பேச்சு எந்த உத்தரவையும் நிறுத்தாது.

மீள வேலைக்கமர்த்தும் உத்தரவென்றால் அதில் ஒரு திகதி இருக்கும். அந்தத் திகதி மிக முக்கியம். அன்று வேலை நேரம் தொடங்க முன்னரே, வழமையான ஷிப்ட் நேரத்துக்குக் கேற்றில் நில்லுங்கள். கையில் உத்தரவின் பிரதியும் ஒரு பக்கக் கடிதம் இரண்டு பிரதியும் இருக்கட்டும். கடிதத்தில் வழக்கிலக்கம், உத்தரவின் திகதி, "இன்று காலை இத்தனை மணிக்கு எனது முன்னைய பதவியில் கடமையேற்க வந்துள்ளேன்" என்ற வரி, கையொப்பம் ஆகியவை போதும். நியாயம் பேசும் வசனங்கள் தேவையில்லை. ஒரு பிரதியைக் கொடுத்து மற்றதில் திகதி முத்திரை கேளுங்கள். தர மறுத்தால் சண்டை பிடிக்க வேண்டாம். காவலாளியின் பெயரையும் நேரத்தையும் குறித்துக்கொண்டு, அதே நாள் தபால் கந்தோருக்குப் போய் அதே கடிதத்தைப் பதிவுத் தபாலில் கம்பனியின் பதிவு செய்த முகவரிக்கு அனுப்பிப் பற்றுச்சீட்டைப் பத்திரப்படுத்துங்கள். கூட ஒருவர் வந்திருந்தால் நல்லது. அவர் வழக்கில் சாட்சியாக வரக்கூடியவராக இருக்க வேண்டும். அதே கம்பனியில் இன்னும் வேலை செய்யும் மச்சானைக் கூட்டிப்போனால் பிறகு அவர் வாய் திறக்கமாட்டார், திறந்தால் அவருடைய வேலையும் போகும்.

பொலிஸில் ஒரு என்ரி போடலாமா? போடலாம். உப்புவெளியோ, நிலாவெளியோ, சீனக்குடாவோ, பொலிஸார் உங்களை உள்ளே கூட்டிச்சென்று கதிரையில் இருத்தமாட்டார்கள், அது அவர்கள் வேலையும் இல்லை. ஆனால் "இன்ன திகதி இன்ன நேரம் வேலைக்குப் போனேன், மறுத்தார்கள்" என்ற பதிவு பின்னால் ஒரு நல்ல சான்று. இவ்வளவையும் இத்தனை விரிவாகச் சொல்வதற்குக் காரணம், இந்த வழக்குகள் சட்ட நுணுக்கத்தால் தோற்பதை விட இந்த ஒரு நாளின் சோம்பலால் தோற்பது அதிகம். திகதியன்று போகாமல், "எப்படியும் எடுக்கமாட்டாங்கள்" என்று வீட்டில் இருந்தவரைப் பற்றி முதலாளி சொல்லப்போவது ஒன்றே: "நாங்கள் எடுக்கத் தயாராக இருந்தோம், அவர்தான் வரவில்லை." அதை மறுக்க உங்களிடம் ஒரு தாளும் இராது.

பிறகு தொழில் திணைக்களத்துக்கு எழுத்தில் முறைப்பாடு கொடுக்க வேண்டும். இணைக்க வேண்டியவை: உறுதிப்படுத்தப்பட்ட பிரதி, கடிதம், பதிவுத் தபால் பற்றுச்சீட்டு, மேன்முறையீடு இல்லை என்பதற்கு நியாயசபையிலிருந்து பெற்ற எழுத்து, கம்பனியின் பதிவு விபரம். திணைக்களம் முதலாளிக்கு அவகாசம் கொடுத்து எழுதும். அதற்கும் இணங்காவிட்டால் நீதவான் நீதிமன்றத்தில் வழக்குத் தாக்கலாகும். அங்கே முதலாளி "அவரை நிறுத்தியது சரிதான், அவர் களவெடுத்தவர்" என்று பழைய கதையைத் தொடங்குவார். நீதவான் அதைத் திரும்ப விசாரிக்கப்போவதில்லை. உத்தரவு இருக்கிறதா, வலுவில் இருக்கிறதா, நிறைவேற்றப்பட்டதா என்ற மூன்று கேள்விகளோடு வழக்கு நிற்கும். என் அபிப்பிராயத்தில் தொழிலாளிக்கு அவமதிப்பு வழக்கை விட இது நல்ல களம். தூரம் இல்லை, தமிழில் நடக்கிறது, வழக்கை நடத்துவதும் திணைக்களம்தான். இதன் பலவீனம் தாமதம். திணைக்களத்தில் கோப்பு ஒரு மேசையிலிருந்து மற்ற மேசைக்குப் போக மாதங்கள் எடுக்கும், அலுவலர் இடமாற்றம் பெற்றால் இன்னும் கூடும். ஆகவே ஒவ்வொரு முறையும் வாயால் கேட்காமல் கோப்பு இலக்கத்தைப் போட்டு எழுத்தில் கேளுங்கள்.

பணிக்கொடையையும் ஈ.பி.எப். (ஊழியர் சேமலாப நிதி) நிலுவையையும் இதோடு கலக்க வேண்டாம். 1983ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டப்படி, 15 பேருக்குக் குறையாத தொழிலகத்தில் 5 வருடம் பூர்த்தி செய்தவருக்கு ஒவ்வொரு வருடத்துக்கும் அரைமாதச் சம்பளம் என்ற கணக்கில் பணிக்கொடை 30 நாட்களுக்குள் கொடுக்கப்பட வேண்டும். வேலைநீக்கம் சரியா பிழையா என்ற வழக்கு முடியும்வரை இதற்குக் காத்திருக்கத் தேவையில்லை. அறவிடும் வழியும் வேறு.

அரைகுறை இணக்கம்

முழுதாக மறுக்கும் முதலாளியைக் கையாள்வது சுலபம். சிக்கல், உள்ளே எடுத்துவிட்டு வேறு தந்திரம் பண்ணும் முதலாளிகள்.

களஞ்சியப் பொறுப்பாளராக இருந்தவரை எடுத்துத் தோட்ட வேலைக்கு விடுவது, சமையலறையில் இருந்தவரைக் கொழும்புக் கிளைக்கு மாற்றுவது, எட்டாம் நாள் புதுக் குற்றச்சாட்டோடு இடைநிறுத்துவது, அடிப்படைச் சம்பளம் மட்டும் போட்டுச் சேர்விஸ் சார்ஜைத் தராமல் விடுவது. இவை எல்லாம் உத்தரவை மீறுவதுதானா என்பதை உத்தரவின் சொற்கள்தான் தீர்மானிக்கும். "மீள வேலைக்கு அமர்த்துக" என்று மட்டும் இருந்தால் முதலாளிக்கு விளையாட இடம் உண்டு. "முன்னைய பதவியில், முன்னைய சம்பளத்தில், சேவை முறிவின்றி" என்று இருந்தால் அந்த இடம் சுருங்கிவிடும். கொழும்புக்கு இடமாற்றுவது நியமனக் கடிதத்தில் அனுமதிக்கப்பட்டிருந்தால் அதை மட்டும் வைத்துக் குற்றம் நிரூபிப்பது கடினம். எட்டாம் நாள் இடைநிறுத்தம் பெரும்பாலும் புதிய பிணக்காகவே பார்க்கப்படும், பழைய உத்தரவை மீறியதாக அல்ல. குற்றச்சாட்டு முற்றிலும் பழையதே, வேறு தாளில் எழுதியிருக்கிறார்கள் என்று காட்ட முடிந்தால் மட்டும் கதை வேறு.

அரைகுறையாக எடுக்கும்போது வேலையை விட்டு வெளியேறுவது பெரிய பிழை. எதிர்ப்பை எழுத்தில் பதிந்துவிட்டு வேலையைச் செய்யுங்கள். "உத்தரவுக்கு முரணானது என்ற எனது நிலைப்பாட்டுக்குப் பங்கமின்றிக் கடமையேற்கிறேன்" என்ற ஒரு வரி போதும்.

இந்தக் கரையில் ஒரு தனிச் சிக்கல் சீசன். நிலாவெளி, உப்புவெளி ஹோட்டல்களில் மே தொடக்கம் செப்ரெம்பர் வரைதான் கூட்டம். வேலைமுடிவுறுத்தல் சட்டத்தின் பாதுகாப்பைப் பெற, முந்திய 12 மாதத்தில் 180 நாள் வேலை இருக்க வேண்டும், தொழிலகத்தில் சராசரியாக 15 பேராவது இருந்திருக்க வேண்டும். சீசன் ஆட்களை 180 நாளுக்குக் கொஞ்சம் முன்னரே நிறுத்துவதற்குக் காரணம் இதுதான். அவர்களுக்கு மிஞ்சுவது நியாயசபை மட்டும், அங்கே ஆள்தொகைக் கணக்கு இல்லை. காலக்கெடு மாதக் கணக்கில்தான் ஓடுகிறது என்பதால், "அடுத்த சீசனுக்குக் கூப்பிடுவாங்கள்" என்று பார்த்துக்கொண்டிருக்கக் கூடாது. இனி, வென்ற உத்தரவின் திகதி நவம்பரில் விழுகிறது என்று வைத்துக்கொள்வோம். ஹோட்டல் பாதி பூட்டு, மாரி மழை. "எடுக்க மாட்டோம் என்று சொல்லவில்லை, இப்போது யாருக்கும் வேலை இல்லை" என்று முகாமையாளர் சொன்னால் அதை வேண்டுமென்றே மீறியதாகக் காட்டுவது கடினம். அதே மாதத்தில் வேறு எத்தனை பேர் சம்பளப் பட்டியலில் இருந்தார்கள் என்று காட்ட முடிந்தால் அந்தச் சாட்டு விழும். அதனால் ஈ.பி.எப். மாதாந்தப் படிவத்தில் இருக்கும் பெயர்களின் எண்ணிக்கை இங்கே பெறுமதியான சான்று.

யார் கட்டுப்பட்டவர் என்பது அடுத்த பொறி. பெயர்ப்பலகையில் இருக்கும் பெயர் ஒன்று, கம்பனிப் பதிவில் இருக்கும் பெயர் இன்னொன்று, கட்டடத்தைக் குத்தகைக்கு எடுத்து நடத்துபவர் மூன்றாமவர். நியாயசபை மனுவில் பெயர்ப்பலகைப் பெயரைப் போட்டு வென்றவர், நிறைவேற்றும் கட்டத்தில் "அப்படி ஒரு கம்பனி இல்லை" என்ற பதிலைச் சந்திப்பார். துறைமுகப் பக்கத்து மேன்பவர் வேலையில் இது இன்னும் மோசம். உத்தரவு ஒப்பந்தக்காரருக்கு எதிராக இருக்கும், அவருடைய ஒப்பந்தம் முடிந்திருக்கும், வேலைத்தளத்தின் சொந்தக்காரர் வழக்கில் கட்சிக்காரரே அல்ல. கட்சிக்காரர் அல்லாதவரை உத்தரவு கட்டாது. நியமனக் கடிதம், சம்பளச் சிட்டை, ஈ.பி.எப். அட்டை மூன்றிலும் உள்ள முதலாளி பெயரை ஒப்பிட்டுப் பார்ப்பதை மனுப் போடும் முன்னரே செய்ய வேண்டும்.

அவமதிப்பு உண்மையில் பொருந்தும் இடம்

அரசாங்கம் முதலாளியாக இருக்கும்போது கைத்தொழில் பிணக்குகள் சட்டம் பொருந்தாது, அதன் 49ஆம் பிரிவு அப்படிச் சொல்கிறது. கூட்டுத்தாபனங்கள் இதில் அடங்கா, அங்குள்ளவர்கள் நியாயசபைக்குப் போகலாம். ஆனால் ஆசிரியர், மாகாண அமைச்சின் எழுதுவினைஞர், பிரதேச செயலக அலுவலர் போன்றோர் அரச சேவை அல்லது மாகாண அரச சேவை ஆணைக்குழு, நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபை ஆகியவற்றைத் தாண்டி, கடைசியில் எழுத்தாணை (ரிட்) மனுவுக்கோ அடிப்படை உரிமை மனுவுக்கோ வருகிறார்கள். மாகாண விடயம் என்றால் எழுத்தாணைக்கு இங்குள்ள மாகாண மேல் நீதிமன்றமே போதும், மற்றவை கொழும்பு, புதுக்கடையிலுள்ள நீதிமன்றங்களுக்குப் போகும். அடிப்படை உரிமை மனுவுக்கு ஒரு மாதம்தான் காலம். அந்த மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது.

இங்கே கிடைக்கும் கட்டளையை மீறினால் அவமதிப்பு பற்றிப் பேசலாம். ஆனாலும் மூன்று இடங்களில் கால் வழுக்குகிறது.

வேலைநீக்கக் கடிதத்தை நீதிமன்றம் ரத்துச் செய்து எழுத்தாணை கொடுக்கிறது. வென்றவர் மறுநாள் அலுவலகம் போகிறார், கையொப்பப் புத்தகத்தில் பெயர் இல்லை. அவமதிப்பா? தீர்ப்பில் கடிதத்தை ரத்துச் செய்தது மட்டும் இருந்து, "கடமையில் சேர்க்க வேண்டும், சம்பளம் கொடுக்க வேண்டும்" என்ற ஆணையிடும் எழுத்தாணை சேர்ந்து வராவிட்டால், அதிகாரி மீறுவதற்கு ஒரு கட்டளையே இல்லை. இரண்டையும் மனுவிலேயே கேட்டிருக்க வேண்டும்.

"மனுதாரரின் மேன்முறையீட்டை மூன்று மாதத்துக்குள் பரிசீலிக்குக" என்பது இன்னொன்று. இதைப் பலர் வெற்றி என்று கொண்டாடுகிறார்கள். மூன்றாம் மாதக் கடைசியில் "பரிசீலித்தோம், நிராகரித்தோம்" என்று ஒரு வரிக் கடிதம் வரும். கட்டளை நிறைவேறிவிட்டது. நிராகரிப்பு பிழை என்றால் அதற்குப் புதிய மனு வேண்டும். காலக்கெடு தாண்டியும் எந்தப் பதிலும் இல்லை என்றால் மட்டுமே அவமதிப்பைத் தொடலாம்.

இடைக்காலத் தடையில் நடப்பது இன்னும் வருத்தமானது. "அடுத்த தவணை வரை வேலைநீக்கத்தை அமுல்படுத்தக் கூடாது" என்று உத்தரவு இருக்கும். அடுத்த தவணையில் நீதிபதி விடுமுறை, அல்லது எதிர்த்தரப்புச் சட்டத்தரணி நாள் கேட்கிறார், உங்கள் சட்டத்தரணி தடையை நீடிக்கக் கேட்க மறந்துவிடுகிறார். வழக்கேட்டில் நீடிப்பு இல்லை. மறுநாள் வேலைநீக்கம் நடக்கிறது, அது அவமதிப்பு ஆகாது. ஒவ்வொரு தவணையும் முடிந்த பிறகு பதிவாளர் காரியாலயத்தில் அன்றைய குறிப்பை வாசித்துப் பார்ப்பதை வழக்கமாக்கிக்கொள்ளுங்கள். எதிர்த்தரப்புச் சட்டத்தரணி "வெற்றிடத்தை நிரப்பமாட்டோம்" என்று உறுதி கொடுத்தால் அதுவும் குறிப்பில் ஏறியிருக்க வேண்டும். நீதிமன்றத்தில் வாயால் சொன்னது குறிப்பில் இல்லாவிட்டால் காற்றோடு போய்விடும்.

இனி வழக்கு. மனு, சத்தியக்கடதாசி, கட்டளையின் உறுதிப்படுத்தப்பட்ட பிரதி, அது எதிராளிக்குப் போய்ச் சேர்ந்ததற்கான அத்தாட்சி, மீறல் நடந்த திகதியும் விதமும். இவற்றைப் பார்த்து முதற்பார்வையில் விசாரிக்க விடயம் இருக்கிறது என்று நீதிமன்றம் கண்டால் அழைப்பாணை போகும், குற்றச்சாட்டு வாசிக்கப்படும், அவர் ஒப்புக்கொள்கிறாரா இல்லையா என்று கேட்கப்படும், இல்லையென்றால் சாட்சி விசாரணை. நிரூபணத் தரம் குற்றவியல் வழக்கில் உள்ளதுதான், நியாயமான சந்தேகத்துக்கு அப்பால். கட்டளை தெளிவாக இருந்தது, அது அவருக்குத் தெரியும், நிறைவேற்ற அவரால் முடிந்தது, இருந்தும் வேண்டுமென்றே செய்யவில்லை என்று நான்கையும் காட்ட வேண்டும். இவற்றில் கவனிக்கப்படாமல் போவது இரண்டாவது. கட்டளை வந்தபோது இருந்த செயலாளர் மாறிவிட்டார், புதியவருக்கு யாரும் பிரதி கொடுக்கவில்லை. பதவி தொடர்ந்தாலும் வேண்டுமென்றே மீறுவது ஆளைப் பொறுத்த விடயம். ஆகவே புதிய அதிகாரி வந்ததும் அவருடைய பெயருக்குத் திரும்பவும் பிரதியை அனுப்பி, 14 நாள் போன்ற ஒரு நியாயமான அவகாசம் கொடுத்து எழுதுங்கள். அந்தக் கடிதத்துக்குப் பிறகு அவர் அறியேன் என்று சொல்ல முடியாது.

திருகோணமலையிலிருந்து புதுக்கடைக்குப் போகும் கோப்புக்கு மொழிச் செலவும் உண்டு. இங்கே எல்லாம் தமிழில் நடந்திருக்கும், கொழும்பில் ஆங்கில மொழிபெயர்ப்பு வேண்டும், அதுவும் சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளரின் கையொப்பத்தோடு. 'வேண்டும்', 'வேண்டியதாகும்', 'பரிந்துரைக்கப்படுகிறது' ஆகியவை மொழிபெயர்ப்பில் ஒன்றாகக் கலந்தால் கட்டளை தெளிவில்லை என்ற வாதத்தை நாமே எதிராளிக்குக் கொடுத்தவர்களாவோம்.

இப்படியான வழக்குகள் பெரும்பாலும் எதிராளி கட்டளையை நிறைவேற்றி மன்னிப்புக் கேட்பதோடு முடிகின்றன. சிறைக்கு அனுப்பிப் பார்க்க வேண்டும் என்ற ஆசையோடு தொடங்குபவர் ஏமாறுவார். வேலையும் சம்பளமும் திரும்பக் கிடைக்க வேண்டும் என்று தொடங்குபவருக்கு இது உதவக்கூடும், ஆனால் அவமதிப்பு நீதிமன்றம் நிலுவைச் சம்பளத்தைக் கணக்குப் பார்த்துத் தராது.

கத்தி மறுபக்கமும் வெட்டும். 2003இல் அன்ரனி பெர்னாண்டோ என்பவர் தமது தொழிலாளர் நட்டஈட்டு விவகாரம் தொடர்பாக உயர் நீதிமன்றத்தில் திரும்பத் திரும்ப மனுச் செய்ததற்காகவும், நீதிமன்றத்தில் குரலை உயர்த்தியதற்காகவும் அவமதிப்புக் குற்றத்தில் ஒரு வருடக் கடூழியச் சிறை பெற்றார். 2005இல் ஐ.நா. மனித உரிமைகள் குழு அந்தத் தடுத்துவைப்பு அவரது உரிமையை மீறியது என்று கண்டது. ஆனால் அதற்குள் அவர் சிறையில் இருந்து முடித்துவிட்டார். வேலைநீக்க வழக்கு நடக்கும்போது "நியாயசபைத் தலைவர் கம்பனியின் கையாள்" என்று பேஸ்புக்கில் எழுதுபவர், 40அ பிரிவு தமக்கு எதிராகவும் பயன்படும் என்பதை நினைவில் வைக்க வேண்டும். முதலாளியைப் பற்றி உண்மையான தகவலை எழுதுவது ஒன்று, விசாரிப்பவரின் நேர்மையைத் தாக்குவது வேறொன்று. கேற்றுக்கு வெளியே சங்கம் பதாகை பிடிக்கலாம், சாட்சிக்காரரை வழிமறிக்கக் கூடாது.

கடைசியாக, இவ்வளவு தலையிடியையும் குறைக்கும் இடம் வழக்கின் நடுவில் இருக்கிறது: சமரசம் எழுதும்போதும், இறுதிச் சமர்ப்பணத்தில் நிவாரணம் கேட்கும்போதும். இரண்டு தரப்பும் அவசரப்பட்டு "பணம் கொடுத்து முடிக்கிறோம்" என்று பதிவு செய்த சமரசங்களை நிறைவேற்றுவது பெரும் பாடு. எழுதக்கூடிய வாசகம் ஒன்று:

"எதிர்மனுதாரரான இன்ன கம்பனி, பதிவிலக்கம் இன்னது, மனுதாரரை இன்ன ஆண்டு இன்ன மாதம் 1ஆம் திகதி காலை 8.00 மணிக்கு நிலாவெளி வேலைத்தளத்தில் களஞ்சியப் பொறுப்பாளர் பதவியில் சேவை முறிவின்றி மீள அமர்த்த வேண்டும். 10 மாத நிலுவைச் சம்பளமாகிய 450,000 ரூபாயை இன்ன திகதிக்கு முன்னர் திருகோணமலை உதவித் தொழில் ஆணையாளரிடம் வைப்பிலிட வேண்டும். அந்த நிலுவைச் சம்பளத்துக்குரிய ஈ.பி.எப்., ஈ.ரி.எப். (ஊழியர் நம்பிக்கை நிதி) பங்களிப்புகளை அதே திகதிக்குள் செலுத்த வேண்டும். ஹோட்டல் மூடப்பட்டிருப்பது மீள அமர்த்துவதைத் தாமதிக்கக் காரணமாகாது."

பணத்தை நேரே கையில் கொடுக்கச் சொல்லாமல் உதவி ஆணையாளரிடம் வைப்பிலிடச் சொல்வதில் ஒரு நன்மை உண்டு. கட்டினாரா இல்லையா என்பதைத் திணைக்களமே தன் பதிவிலிருந்து சொல்லிவிடும், "கையில் கொடுத்தேன், அவர் கையொப்பம் போட மறுத்தார்" என்ற கதைக்கு இடமில்லை. நிலுவைச் சம்பளத்தையும் நட்டஈட்டையும் ஒரே தொகையாகச் சேர்த்து எழுத விடாதீர்கள். 450,000 ரூபாயும் சம்பளம் என்று பதிந்தால் முதலாளியின் 12 சதவீதமும் ஊழியரின் 8 சதவீதமுமாக 90,000 ரூபாய் ஈ.பி.எப். கணக்குக்குப் போக வேண்டும், ஈ.ரி.எப். 3 சதவீதம் இன்னும் 13,500. மொத்தத்தையும் நட்டஈடு என்று எழுதிவிட்டால் அந்தக் கேள்வியே எழாது, முதலாளியின் சட்டத்தரணி அப்படி எழுதத்தான் விரும்புவார்.